காலமடுவும் என் ஞாயிற்றுக்கிழமைகளும்

நடுவயதுக்காரர் யாராவது இன்றைக்கும் கண்ணை விரித்துக்கொண்டு காலமடுவைப் பற்றி என்னிடம் பேச ஆரம்பித்தால் எனக்கு எரிச்சல்தான் வருகிறது. சின்ன வயதில் அந்தத் தொடர்கதைக்காக மாதாமாதம் காத்துக் கிடந்தாராம். கதையில் வந்த தீவின் படத்தைக் கத்தரித்துச் சுவரில் ஒட்டி வைத்திருந்தாராம். எழுதியவர் என் கணவர் என்று தெரிந்ததும், அப்படி ஒரு கற்பனை அவருக்கு எப்படித் தோன்றியது என்று கேட்பார். கற்பனையும் இல்லை, கத்தரிக்காயும் இல்லை. அவர் தீவின் கிழக்குப் பாதியை யோசிக்காமல் விட்டார். நான் பழக்கதோஷத்தில் ஒரு வரி எழுதினேன். மெட்ராஸில் அச்சுக்கு பிளாக் செய்தவர் அந்த வரியில் சொன்னபடி செய்தார். காலமடு பிறந்தது அப்படித்தான்.

முதலில் என் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். நான் பட்டுப் புடவைக்கு டிசைன் போடுகிறவள். காஞ்சிபுரத்தில் நெய்கிறவர்களைப் பார்க்கத்தான் வெளியூரிலிருந்து ஆட்கள் வருவார்கள். டிசைன் போடுகிறவர் என்று ஒருவர் இருப்பதே பாதிப் பேருக்குத் தெரியாது. கிராஃப் தாளில் சின்னச் சின்னக் கட்டங்களை நிரப்பி நாங்கள் வரைவோம். அதைப் பார்த்து அட்டையில் ஓட்டை குத்துவார்கள். அந்த அட்டை தறிக்கு மேலே இருக்கும் பெட்டியில் ஏறி, எந்த இழையைத் தூக்க வேண்டும் என்று சொல்லும். இரண்டு அன்னம் எதிரும் புதிருமாக நிற்கிற டிசைன் என்றால் ஒரு அன்னத்தை மட்டும் வரைவோம். ஓரத்தில் ஒரு கோடு போட்டு, "நடு. திருப்பிப் போடவும்" என்று எழுதிவிட்டால் இன்னொரு அன்னத்தைத் தறி பார்த்துக்கொள்ளும். இரண்டையும் உட்கார்ந்து வரைகிறவளைப் பார்த்தால் எங்கள் தொழிலில் சிரிப்பார்கள்.

கலர் வைப்பதற்குப் பகல் வெளிச்சம் வேண்டும். பல்பு வெளிச்சத்தில் அரக்கும் கத்தரிப்பூக் கலரும் ஒன்றுபோலவே இருக்கும். வாரநாள் வெளிச்சமெல்லாம் முதலாளிகள் கேட்ட டிசைன்களுக்கே சரியாகப் போய்விடும். எனக்கென்று மிச்சம் இருந்தது ஞாயிற்றுக்கிழமை வெளிச்சம் ஒன்றுதான்.

அது எனக்கு எதற்கு வேண்டியிருந்தது என்றால், அப்போது ஊரில் நெசவுக்கென்று ஒரு டிசைன் ஆபீஸ் புதிதாகத் திறந்திருந்தார்கள். ஆள் எடுக்கப் போகிறார்கள், பெண்களும் விண்ணப்பிக்கலாம் என்று பேச்சு வந்தது. ஒருநாள் அந்தப் பக்கம் போனபோது ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தேன். பெரிய பெரிய ஜன்னல். ஒவ்வொரு ஜன்னலுக்கும் ஒரு சாய்வு மேஜை. சுவரில் மாட்டியிருந்த டிசைன்களுக்குக் கீழே வரைந்தவர் பெயர் இருந்தது. நான் போட்ட டிசைனில் எத்தனை கல்யாணம் நடந்திருக்குமோ, என் பெயர் எங்கேயும் இருந்ததில்லை. எனக்கு அந்த வேலை வேண்டும் என்று ஆசையாக இருந்தது. புடவைக்கோ நகைக்கோ நான் அப்படி ஆசைப்பட்டதில்லை. வேலைக்கு வரைந்து காட்டும் தேர்வு உண்டு, வயது இருபத்தைந்தைத் தாண்டக் கூடாது. எனக்கு அதற்கு இன்னும் கொஞ்சம் இடம் இருந்தது.

என் கணவரிடம் சொன்னேன். அவர் என்னைவிட அதிகமாகச் சந்தோஷப்பட்டார். அன்று சாயங்காலமே புது பிரஷ் வாங்கிக்கொண்டு வந்தார். அவர் கெட்டவராக இருந்திருந்தால் எனக்கு எவ்வளவோ சுலபமாக இருந்திருக்கும்.

அவர் தாலுகா ஆபீஸில் குமாஸ்தா. நாள் முழுக்க நில அளவைப் படங்களோடு மாரடிப்பவர். மாகறல் பக்கம் ஒரு வரப்பு நகர்ந்துவிட்டது, திருப்புட்குழியில் ஒரு கிணறு படத்தில் இருக்கிறது, நிலத்தில் இல்லை என்று ஆபீஸ் வழக்குகளை ராத்திரிச் சாப்பாட்டில் சொல்லிக்கொண்டே இருப்பார். அதிலிருந்துதான் தொடர்கதை வந்தது. யாரும் பார்த்திராத ஒரு தீவு. அதை அளந்து படம் போட ராஜா அனுப்பும் வரைபடக்காரர்கள். அவர்களில் ஒருத்தி பதினேழு வயதுப் பெண். மெட்ராஸிலிருந்து வந்துகொண்டிருந்த சிறுவர் மாத இதழ் ஒன்று கதையை ஏற்றுக்கொண்டது, தீவுக்குப் படமும் வேண்டும் என்றது. வீட்டிலேயே வரைகிறவள் இருக்கும்போது வெளியே யாரைத் தேடப் போகிறார்?

அவர் மேற்குப் பாதியை மட்டும் சொன்னார். தலைநகரம், கோட்டை, இரண்டு மலை, மூன்று ஆறு சேருமிடம். மூன்று ஆறு சேருமிடம் நம்ம திருமுக்கூடல்தானே என்றேன், சிரித்தார். நம்ம ஊரில் அங்கே வருஷத்தில் முக்கால்வாசி நாள் மணல்தான் ஓடும். அவர் கதையில் கப்பல் வந்தது. கிழக்கே என்ன இருக்கிறது என்று கேட்டேன். இன்னும் யோசிக்கவில்லை, மேற்கை மட்டும் போட்டு வை, மீதியை அடுத்த மாதம் பார்த்துக்கொள்ளலாம் என்றார். தபால் போகிற நேரமாகிவிட்டது. நான் பாதி வரைந்து, கோடு இழுத்து, எங்கள் தொழிலில் எல்லாருடைய கையும் எழுதுவதையே எழுதினேன். நடு. திருப்பிப் போடவும்.

பத்திரிகை வந்தபோது தீவுக்கு இரண்டு தலைநகரம். இரண்டு கோட்டை. நாலு மலை. மூன்று ஆறும் சேர்ந்து மேற்கே போய்க் கடலில் விழ, அதே மூன்று ஆறும் சேர்ந்து கிழக்கேயும் விழுந்தது. கிழக்குப் பக்கத்து ஊர்ப் பெயர்களைக் கண்ணாடியில் பிடித்தால்தான் படிக்க முடிந்தது. நான் தலையில் அடித்துக்கொண்டேன். என்மேல் தப்பு இருப்பதாக அன்றைக்கும் நினைக்கவில்லை, இன்றைக்கும் நினைக்கவில்லை. கிழக்கை யோசித்துக் கொடுத்திருந்தால் நான் வரைந்திருக்க மாட்டேனா?

அவர் கோபப்படுவார் என்று பார்த்தேன். பத்திரிகையைக் கையில் வைத்துக்கொண்டு கூடத்தில் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்தார். அப்புறம் என்னைக் கூப்பிட்டு, கிழக்கே இருப்பது வேறு நிலம் இல்லை, அதே நிலம்தான், நூறு வருஷம் கழித்து என்றார்.

அடுத்த மாதம் கதையில் காலமடு வந்துவிட்டது. தீவின் நட்டநடுவே ஆற்றில் ஒரு மடு. அதில் தண்ணீர் சுழல்வதுபோல் காலம் சுழலும். சுழலச் சுழல ஒரு விசை சேரும். வரைபடக்காரர் ஒருவர் அதில் இடுப்பளவு இறங்கி நின்று வரைந்தால், காலால் நடந்து பார்க்காத ஊரையும் வரைந்துவிடலாம். ஏனென்றால் மடுவுக்குள் நிற்கும்போது அவர் அந்த ஊருக்கு ஏற்கெனவே போய்விட்டுத் திரும்பியவர். ஆறு மாதம் காட்டில் அலைய வேண்டிய வேலை ஒரு பொழுதில் முடிந்துவிடும். அதற்கு விலை உண்டு. நடக்காமல் மிச்சம் பிடித்த காலத்தை அவர் உடம்பிலிருந்து மடு எடுத்துக்கொள்ளும். அதைவிட மோசம், மடுவில் நின்று தப்பாக வரைந்துவிட்டால் நிலம் படத்துக்குத் தகுந்தபடி மாறிவிடும். மலையை ஒரு விரல் தள்ளிப் போட்டால் மலை தள்ளிப் போய் ஒரு கிராமத்தின்மேல் உட்காரும்.

நன்றாகத்தான் இருந்தது. நானும் படித்துவிட்டு நன்றாக இருக்கிறது என்று வாய்விட்டுச் சொன்னேன். எனக்கு வினை அங்கேதான் தொடங்கியது.

பிள்ளைகள் மூட்டை மூட்டையாகக் கடிதம் எழுதினார்கள். ஆசிரியர் மாதாமாதம் நாலு புதுப்படமாவது வேண்டும் என்றார். புதுப்படம் எதற்கு? மடுவின் விசை கூடிவிட்டதாம், வடக்கே இருந்த ஏரி தெற்கே வந்துவிட்டதாம். அடுத்த மாதம் விசை குறைந்துவிட்டதாம், ஏரி பாதிவழியில் நின்றுவிட்டதாம். ஏரியை நகர்த்துவது அவருக்கு ஒரு வாக்கியம். எனக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை. ஏரி நகர்ந்தால் கால்வாய் நகர வேண்டும், பாதை நகர வேண்டும், அதன்மேல் இருந்த ஊரெல்லாம் நகர வேண்டும். போன மாதம் மடு பின்னோக்கிச் சுழலாது என்று நீங்களேதானே எழுதினீர்கள் என்று கேட்டால், அது வெயில் காலத்து விதி, இது மழைக்காலம் என்பார். ஒரு நாட்டுக்குச் சட்டம் எழுதுகிறவர் இப்படி வாரத்துக்கு ஒன்று பேசினால் ஜனங்கள் கல்லெடுத்து அடிப்பார்கள். இவருக்குப் பாராட்டுக் கடிதம் வந்தது.

எல்லாவற்றையும்விடக் கொடுமை, பாதி வரைந்து திருப்பிப் போடும் வசதியும் போய்விட்டது. கிழக்குப் பக்கம் நூறு வருஷம் மூத்தது. மேற்கே கன்றாக இருக்கும் ஆலமரம் கிழக்கே விழுது விட்டிருக்க வேண்டும். மேற்கே கோட்டைச் சுவர் முழுசாக இருந்தால் கிழக்கே இடிந்திருக்க வேண்டும். முதல் மாதங்களில் என் கை தானாக நடுக்கோட்டில் நின்றுவிடும். பின்னால் நின்றுகொண்டு, முழுசா போடுமா, முழுசா போடு என்பார். மறதியில் கிழக்கே சின்ன மரம் போட்டுவிட்டால் திரும்ப வரையச் சொல்வார். சொல்லிச் சொல்லி, வலது பக்கத்துக்குப் போனாலே வயது கூட்டி வரைய என் கை பழகிப்போனது.

அந்த நேரத்தில்தான் டிசைன் ஆபீஸ் தேர்வுக்கு நாள் குறித்து எனக்குக் கார்டு வந்தது. அவர் தெரு முழுக்கச் சொல்லிவிட்டு வந்தார். இனி வரும் ஞாயிறெல்லாம் உனக்குத்தான் என்றார். அடுத்த ஞாயிறு மடு உறைந்துபோனது. அதற்கு ஒரு படம். அதற்கடுத்த ஞாயிறு உறைந்த மடு உடைந்தது. அதற்கும் ஒரு படம்.

கடைசியாக வரதர் கோயில் கருட சேவை நாளை நம்பியிருந்தேன். தெருவே விடியற்காலையில் சாமி பார்க்கப் போய்விட்டது. தறிச் சத்தம்கூட இல்லை. ஜன்னலில் அப்படி ஒரு வெளிச்சம். கிராஃப் தாளை விரித்து, முந்தானைக்கு ஒரு மயிலை ஆரம்பித்தேன். கழுத்துவரைக்கும் வந்திருப்பேன். அவர் சாமி பார்த்துவிட்டு நெற்றி நிறைய நாமத்தோடு ஓட்டமும் நடையுமாக வந்தார். கூட்டத்தில் நிற்கும்போது யோசனை வந்ததாம். மடு இரண்டாகப் பிரிகிறது. நாளைத் தபாலில் போனால்தான் இந்த மாதத்துக்குச் சேரும். மயிலைப் பார்த்தார், அழகாக இருக்குது என்று மனசாரச் சொன்னார். அதை ஓரமாக வைத்துவிட்டுத் தீவைப் போட முடியுமா என்று கேட்டார். முடியாது என்று சொல்லியிருக்கலாமே என்று கேட்பவர்கள் கல்யாணம் ஆகாதவர்கள். அன்று வெளிச்சம் போகும்வரை இரண்டு மடு வரைந்தேன். மயில் கழுத்தோடு நின்றது.

தேர்வுக்குப் போனேன். ஜன்னல் பக்கத்து மேஜையே கிடைத்தது. கொடுத்த டிசைன் எனக்குத் தண்ணீர் பட்ட பாடு. நடுவில் ஒரு மரம், இரண்டு பக்கமும் எதிரெதிராக ஒவ்வொரு அன்னம். முந்தானைக்கு ஏற்றபடி கிராஃபில் போட்டு, ஒரு மூலையில் கலர் வைத்துக் காட்ட வேண்டும். இதை நான் தூக்கத்தில்கூடப் போடுவேன். சந்தோஷத்தில் கை பறந்தது. இடது பக்கத்து அன்னம், மூக்கு, இறக்கை, வால் எல்லாம் கணக்காக உட்கார்ந்தது. மரத்தின் பாதியும் ஆயிற்று. கை நிற்கவில்லை. நடுக்கோட்டைத் தாண்டிப் போய்க்கொண்டே இருந்தது. சுற்றி இருந்தவர்கள் கோடு போட்டு எழுதிவிட்டுக் கலருக்குப் போய்விட்டார்கள். எனக்கு அது கண்ணில் படுகிறது, புத்தியில் படவில்லை. நான் பாட்டுக்கு வலது பக்கத்து அன்னத்தை முடித்துக்கொண்டிருந்தேன். கலர்க் கிண்ணத்தைத் திறக்கும்போது நேரம் முடிந்துவிட்டது என்று தாளை வாங்க வந்துவிட்டார்கள்.

மேற்பார்வைக்கு நின்றவர் பெரியவர், சாதுவான மனுஷர். என் தாளைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்தார்.

"ஏம்மா, கை சுத்தமா இருக்குது. இந்தப் பக்கத்து மரம் மட்டும் ஏன் விழுது விட்டுக்கினு இருக்குது?"

அப்போதுதான் நானும் பார்த்தேன். இடது பக்கம் இளமரம். வலது பக்கம் அதே மரத்தின் மறுபாதி தடித்து, கிளை முறிந்து, விழுது தொங்கிக்கொண்டு நின்றது. அன்னத்துக்குக்கூடக் கழுத்தில் சுருக்கம் போட்டிருந்தேன். அவருக்கு நான் என்ன பதில் சொல்வது? அது நூறு வருஷம் கழித்து வருகிற அன்னம் என்றா? தலையைக் குனிந்துகொண்டு வெளியே வந்துவிட்டேன்.

வரும் வழியெல்லாம் தெருவில் தறிக்குப் போகும் பாவு நூலை நீட்டிக் கட்டியிருந்தார்கள். ஓரமாக ஒதுங்கி ஒதுங்கி நடந்தேன். அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. பரீட்சையில் தெரியாமல் தோற்றால் மனசு ஆறும். தெரிந்ததைத் தெரியாதவள் மாதிரி செய்துவிட்டு வந்தால் எங்கே போய் முட்டிக்கொள்வது?

அவர் லீவு போட்டுவிட்டு எனக்காகக் காபி போட்டு வைத்திருந்தார். நடந்ததைச் சொன்னேன். கேட்கக் கேட்க அவர் முகம் பிரகாசமானது. அப்படியே நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டார்.

"மடு கதைய வுட்டு வெளிய வந்துட்டுதுமா. இதவிட இன்னா வேணும்?"

அடுத்த அத்தியாயம் முழுசாக அவர் கண்ணுக்குள் ஓடுவதை நான் பார்த்தேன். கல்யாணமானதிலிருந்து அவரிடம் குரல் உயர்த்திப் பேசாதவள் நான். அன்றும் உயர்த்தவில்லை.

"மடு எங்கயும் வரலைங்க. நீங்க என் ஞாயித்துக்கிழமைய எல்லாம் எடுத்துக்கினீங்க. அவ்ளோதான் நடந்துது."

அவர் நாற்காலியில் பின்னால் சாய்ந்துகொண்டார். காபி அவருக்கும் இறங்கவில்லை, எனக்கும் இறங்கவில்லை. வேலை கிடைக்கவில்லை என்று தபாலில் வந்தபோது அவர்தான் அதை வாங்கினார், என்னிடம் படித்துக் காட்டாமல் அலமாரியில் வைத்துவிட்டார்.

அதற்கப்புறம் என்னைப் படம் கேட்கவில்லை. அதற்காக அவரைப் பாராட்டத்தான் வேண்டும். தானே உட்கார்ந்து வரைந்தார். எனக்கு உதவுவதாக நினைத்து, நான் சமைக்கிற நேரத்தில் கூடத்தில் தாளை விரித்துக்கொண்டு, ஒரு சாம்பார் கொதிப்பதற்குள் தீவை முடித்துவிடுவார். ஆறு பார்த்தால் கயிறு மாதிரி இருக்கும். மலைக்கும் ஆட்டுக்கும் வித்தியாசம் தெரியாது. இதைப் போய் அனுப்புகிறாரே, மானம் போகப் போகிறது என்று எனக்குக் கூச்சமாக இருந்தது. பத்திரிகையில் வந்தது. பிள்ளைகள் எழுதினார்கள்: மடுவின் விசையில் தீவு உருக்குலைந்துபோனதை ஓவியர் தத்ரூபமாகக் காட்டியிருக்கிறாராம். முதுகு ஒடிய ஒவ்வொரு விழுதாக நான் வரைந்தபோது வந்த பாராட்டைவிட இது ஒரு படி அதிகம். அந்தக் கடிதங்களை அவர் என்னிடம் காட்டவே பயந்தார். நானே எடுத்துப் படித்துவிட்டுச் சிரித்தேன். வேறு என்ன செய்வது?

ஞாயிற்றுக்கிழமை வெளிச்சம் எனக்குத் திரும்பக் கிடைத்தது. கை பழைய நிலைக்கு வர நாளாயிற்று. கோட்டில் நில், கோட்டில் நில் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு அன்னமாகவும் மயிலாகவும் போட்டுப் பழகினேன். டிசைன் ஆபீஸில் மறுபடி எப்போது ஆள் எடுப்பார்கள் என்று யாருக்கும் தெரியவில்லை. அந்த வருஷம் எடுக்கவில்லை. அடுத்த வருஷமும் எடுக்கவில்லை.

தொடர்கதை ஓடிக்கொண்டேயிருந்தது. வாசகர்களுக்கு அவரே பதில் எழுதுவார். ஒரு நாள் சாயங்காலம் அதைத்தான் எழுதிக்கொண்டிருந்தார். வேலூரிலிருந்து ஒரு பையன், கதையில் வரும் அந்த வரைபடக்காரப் பெண்ணுக்கு இப்போது என்ன வயது என்று கேட்டிருந்தான். அவர் பேனாவை எடுத்த கையோடு எழுதினார்: பிறந்த கணக்குக்குப் பத்தொன்பது, மடுவில் நின்ற கணக்கையும் சேர்த்தால் முப்பத்தெட்டு. எந்த மாதம் மடு எத்தனை வருஷத்தை எடுத்துக்கொண்டது என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம்.

எழுதி முடித்துவிட்டுப் பேப்பரைப் பிரித்தார். டிசைன் ஆபீஸ் விளம்பரம் வந்திருந்தது. எழுந்து ஓடிவந்தார். அடுப்படி வாசலில் நின்றபடி எனக்கு உரக்கப் படித்துக் காட்டினார். இந்தத் தடவை ஒரு மாதம் முன்னாலிருந்தே சமையல் தன் பொறுப்பு, தீவு முழுகினாலும் உன்னைக் கூப்பிட மாட்டேன் என்றார். நிஜமாகவே சொன்னார். வயது வரம்பு இருபத்தைந்து என்பது வரைக்கும் அதே குரலில் படித்துக்கொண்டே வந்தவர், அங்கே நின்றார்.

"உனக்கு இப்போ இன்னா வயசுமா?"

சொன்னேன். அவர் நம்பவில்லை. கல்யாணமான வருஷத்திலிருந்து ஒவ்வொரு விரலாக மடக்கிக்கொண்டு வந்தார். எங்கேயோ ஒரு வருஷம் கூடிவிட்டது என்று மறுபடி முதலிலிருந்து எண்ணினார். நான் கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தேன். இரண்டாவது தடவையும் அதே வயசுதான் வந்தது.